பங்கனப்பள்ளி: மூன்றாம் பறிப்பு வரை

குடியாத்தத்தை அடுத்த எங்கள் சிறு மாந்தோப்பை இதுவரை காய்ப்புக்கு முன்பே குத்தகைக்கு விட்டுவந்தோம். இவ்வாண்டு பத்துப் பங்கனப்பள்ளி மரங்களை மட்டும் நிறுத்திக்கொண்டு, விடுமுறை நாட்களில் நானே பறித்துப் பார்த்தேன்.

முதல் பறிப்பு, கத்திரி வெயில் தொடங்கிய மே முதல் வாரத்தில் நடந்தது. வலை கட்டிய தொரட்டியால் இழுத்தபோது காம்பு அடியோடு ஒடிந்து, பால் பீறிட்டுத் தோலில் வழிந்தது. துணியால் துடைத்தால் போதும் என்று எண்ணினேன். பால் ஓடிய தடமெல்லாம் இரண்டு நாளில் கருத்துப்போக, இரண்டு கூடைக் காய் வீணாயிற்று; அந்த வருத்தம் இன்னும் இருக்கிறது.

பக்கத்துத் தோப்புப் பெரியப்பா வந்து பார்த்துவிட்டு, "காம்போட வெட்டுப்பா, நெழல்ல வச்சிக் காம்பைக் கிள்ளு" என்றார். அடுத்த வாரம் தொரட்டியில் கத்தி பொருத்தி, நான்கு விரல் நீளக் காம்புடன் காய்களை இறக்கினேன். மரத்தடியில் மூங்கில் தட்டி விரித்து, ஒவ்வொரு காயாகக் காம்பை ஒட்டக் கிள்ளி உடனே தலைகீழாகக் கவிழ்த்தேன். முதலில் தண்ணீர்போல் தெளிந்த பால் விரைந்து சொட்டுகிறது. பிறகு அது வெளுத்துத் தடித்து, ஒரு துளி நுனியில் நெடுநேரம் தொங்கியே விழுகிறது. அரைமணி நேரம் வேறு வேலை வைத்துக்கொள்ளாமல் அதன் அருகில் அமர்ந்திருப்பதே இந்த அறுவடையில் எனக்கு மிகவும் பிடித்த பகுதி.

முற்றலைக் கண்டறிவதுதான் கடினமாக இருந்தது. காம்பு சேரும் இடத்தைவிட இருபுறத் தோள்களும் மேலெழுந்து, கரும்பச்சை வெளிறியிருக்க வேண்டும். ஆயினும் கீழிருந்து அண்ணாந்து பார்க்கும் கண் ஏமாறுகிறது. ஆகவே பறித்தவற்றிலிருந்து பத்துக் காய்களை வாளித் தண்ணீரில் இட்டேன். முற்றிய காய் மூழ்கும், இளங்காய் மிதக்கும். மூன்று மிதந்தன, மூன்றும் உட்கிளைக் காய்கள். அதன்பின் வெயில் படும் வெளிக்கிளைகளை முதலில் முடித்து, உட்கிளைகளை ஒரு வாரம் விட்டுவைத்தேன். ஒரே மரத்தை ஒரே நாளில் மொட்டையடிப்பது தவறு என்றே இப்போது கருதுகிறேன்.

மூன்றாம் பறிப்பில் இட்ட பத்தும் மூழ்கின. காயைப் பழுக்கவைக்கச் சிலர் பயன்படுத்தும் கார்பைடு கல் தடை செய்யப்பட்டது. அதை நான் தொடவும் மாட்டேன். வைக்கோல் பரப்பி, காய்கள் ஒன்றோடொன்று உரசாமல் அடுக்கி மூடினேன். ஆறாம் நாள் காலையில் அறைக்கதவைத் திறந்ததும் வாசனை வந்தது. கருந்தடம் ஒரு பழத்திலும் இல்லை. முதல் கூடையைப் பெரியப்பா வீட்டில் கொடுத்துவிட்டு, இன்னும் கல்லாகத் தொங்கும் நீலம் காய்களைப் பார்த்துவிட்டு வந்தேன்.