கள்ள உறுதி வழக்கை சீ.ஐ.டிக்கு மாற்றுவதற்குள் பட்ட பாடு

நிலாவெளிப் பக்கம் அம்மாவின் பெயரில் இருந்த காணியை அம்மாவே விற்றதாக ஓர் உறுதி (காணிப் பத்திரம்) காணிப் பதிவகத்தில் ஏறியிருந்தது. உறுதியில் போட்டிருந்த திகதியில் அம்மா ஆஸ்பத்திரியில் படுக்கையில் இருந்தவர். இதைவிட என்ன வேண்டும் என்று நினைத்துத்தான் முறைப்பாடு கொடுத்தோம்.

"இது காணிப் பிரச்சினைதானே, சிவில் வழக்குப் போடுங்கோ." பொலிஸில் எப்போது போய்க் கேட்டாலும் இதுதான் பதில். உறுதியை இரத்துச் செய்ய மாவட்ட நீதிமன்றத்துக்குப் போக வேண்டும், சரி. ஆனால் கள்ளக் கையெழுத்து வைத்தது குற்றம், அதை விசாரிக்க வேண்டியது பொலிஸ்தானே. ஒருவழியாக நீதவான் நீதிமன்றத்தில் பீ அறிக்கை, அதாவது விசாரணை பற்றிய பொலிஸ் அறிக்கை, போட்டார்கள். அதற்குப் பிறகு ஒவ்வொரு தவணையிலும் "மேலதிக விசாரணை நடக்கிறது" என்ற அதே வரி.

அண்ணா கொதித்துப்போய் இரவு பஸ் ஏறிக் கொழும்புக்கே போனார். கோட்டையில் சீ.ஐ.டி (குற்றப் புலனாய்வுத் திணைக்களம்) தலைமையகத்தில் மரியாதையாகத்தான் பேசினார்களாம்: வழக்கு ஏற்கனவே நீதிமன்றத்தில் இருக்கிறது, நீதவானின் கட்டளையோடு வாருங்கள். அடுத்த பஸ்ஸில் திரும்பி வந்தார்.

வழக்கை சீ.ஐ.டிக்கு மாற்றச் சொல்லி எங்கள் சட்டத்தரணி நீதிமன்றத்தில் போட்ட முதல் நகர்த்தல் பத்திரம் (விண்ணப்பம்) முழுக்கக் கோபம். பொலிஸில் நம்பிக்கை இல்லை, எதிர்த்தரப்போடு கூட்டு, இப்படியே இரண்டு பக்கம். விசாரணையில் எது செய்யப்படவில்லை என்று காட்டுங்கள் என்று கேட்டு நீதவான் அதை நிராகரித்துவிட்டார். அங்கேதான் விஷயம் இருக்கிறது. நம்பிக்கை இல்லை என்று எல்லாரும் சொல்வார்கள், வழக்கேட்டில் இருக்கிற ஓட்டையைக் காட்டினால்தான் மாற்றுவார்கள்.

அதற்கு வழக்கேட்டின் உறுதிப்படுத்திய பிரதி வேண்டும். ஒரு நாள் முத்திரை போதாது, இன்னொரு நாள் ஏடு நீதவானின் அறையில், மற்றொரு நாள் நீதிமன்ற எழுதுவினைஞர் லீவு. அவருடைய மேசையில் ஏடு கண்ணுக்கு முன்னால் கிடந்த அன்றும் "நாளைக்கு வாங்கோ" தான்.

பிரதி கைக்கு வந்ததும்தான் எங்களுக்கே தூக்கிவாரிப் போட்டது. அம்மாவின் வாக்குமூலம் சிங்களத்தில் எழுதப்பட்டிருந்தது, ஆஸ்பத்திரியில் இருந்த விஷயம் அதில் ஒரு வரிகூட இல்லை. அம்மா அதைச் சொல்லும்போது நான் பக்கத்தில் இருந்தேன், ஆஸ்பத்திரித் துண்டையும் நீட்டினோம். வாக்குமூலம் கொடுக்கப் போகிறவர்கள் தயவுசெய்து தமிழில் எழுதச் சொல்லுங்கள், வாசித்துக் காட்டாமல் கையெழுத்து வைக்காதீர்கள். வடக்கு கிழக்கில் தமிழ் நிர்வாக மொழி, கேட்பதில் தப்பே இல்லை.

இரண்டாவது பத்திரத்தில் புலம்பல் இல்லை. உறுதிக்குச் சாட்சிக் கையெழுத்து வைத்த இரண்டு பேரையும் விசாரிக்கவில்லை, உறுதியை எழுதிய நொத்தாரிஸிடம் இருக்க வேண்டிய பிரதியை எடுக்கவில்லை, கையெழுத்தை அரச இரசாயனப் பகுப்பாய்வாளர் திணைக்களத்துக்கு அனுப்பவில்லை, இவ்வளவும் தவணைத் திகதிகளோடு. குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 124ஆம் பிரிவை, விசாரணைக்கு உதவ நீதவான் கட்டளை போடுவது பற்றியதை, காட்டி சட்டத்தரணி பேசினார். பாதிக்கப்பட்டவருக்கும் சட்டத்தரணி தோன்றலாம் என்று அதே சட்டத்தின் 260ஆம் பிரிவு சொல்கிறது, "நீங்கள் முறைப்பாட்டுக்காரர்தானே, பேசாமல் இருங்கோ" என்று யாராவது சொன்னால் கேட்காதீர்கள். இவ்வளவு நாள் இழுத்தடித்த பொலிஸ், அன்றைக்கு எழுந்து ஆட்சேபனை இல்லை என்றதே பாருங்கள்! சீ.ஐ.டி பணிப்பாளருக்குக் கட்டளை போனது.

அப்புறமும் விசாரணைக் கோவையை சீ.ஐ.டியிடம் கையளிக்கப் பொலிஸ் இழுத்தது. கட்டளையின் பிரதி ஒன்றை எடுத்து நீங்களும் சீ.ஐ.டிக்குப் பதிவுத் தபாலில் அனுப்பிவிடுங்கள்.

சீ.ஐ.டிக்குப் போனால் முடிந்தது என்றும் இல்லை. இங்கே திருகோணமலையில் 2006 ஜனவரியில் கடற்கரையில் ஐந்து மாணவர்கள் கொல்லப்பட்ட வழக்கில் சீ.ஐ.டி 2013இல் பொலிஸ் விசேட அதிரடிப்படையினரைக் கைது செய்தது, 2019இல் போதிய சாட்சியம் இல்லையென்று 13 பேரும் விடுவிக்கப்பட்டார்கள். எங்கள் மாமா இதைச் சொல்லிச் சொல்லியே எங்களைப் பயமுறுத்தினார்.

இப்போதைக்கு அம்மாவிடம் தமிழில் புது வாக்குமூலம் எடுத்தாயிற்று, ஆஸ்பத்திரித் துண்டும் ஏட்டில் ஏறிவிட்டது. காணியை இன்னொரு கைக்கு மாற்றி யாராவது உறுதி பதியப் போனால் எங்களுக்கு அறிவித்தல் வரும்படி காணிப் பதிவகத்தில் கேவியட் (எச்சரிக்கைப் பதிவு) போட்டு வைத்திருக்கிறோம். நீங்கள் முறைப்பாடு கொடுக்கிற அன்றே அதைப் போட்டுவிடுங்கள்.