பட்டினி கிடக்கிற அம்மன்

மாசிக் கடைசி ஞாயிறு அன்று சமயபுரம் போகாதே, கூட்டத்தில் நசுங்கிப்போவாய் என்று வீட்டில் ஆளாளுக்குச் சொன்னார்கள். அன்றைக்குத்தான் போகணும் என்று எனக்குப் பிடிவாதம். திருச்சியிலிருந்து பஸ் ஏறினால் வழியெல்லாம் மஞ்சள் சேலையும் தலையில் பூத்தட்டுமாக சனம் நடந்தே வருகிறது, உட்கார்ந்துகொண்டு போக நமக்கே கூச்சமாக இருக்கும்.

அன்றைக்குப் பூச்சொரிதல் தொடக்கம். அம்மனுடைய பச்சைப் பட்டினி விரதமும் அன்றிலிருந்துதான். நமக்கு நோய்நொடி வரக்கூடாது என்று அவளே 28 நாள் பட்டினி கிடக்கிறாள், பங்குனிக் கடைசி ஞாயிறு வரைக்கும். மகிஷாசுரனைக் கொன்ற தோஷமும் கோபமும் தீர, மஞ்சள் உடுத்தி உண்ணாமல் தவமிருந்தாள் என்பதுதான் கதை. அந்த 28 நாளும் சமைத்த தளிகை எதுவும் அம்மனுக்குக் கிடையாது. துள்ளுமாவு, நீர்மோர், பானகம், இளநீர், கரும்பு, அவ்வளவுதான். துள்ளுமாவு என்பது வேறொன்றும் இல்லை, ஊறவைத்த பச்சரிசியை இடித்து வெல்லம் சேர்த்தது, அடுப்பே தேவையில்லை.

நானும் விரதக்காரிதான், ஆனால் எங்கள் வீட்டு ஏகாதசியைப் பார்த்தால் சிரிப்பீர்கள். சாதம் மட்டும்தான் இல்லை, கேசரி, உப்புமா, வாழைப்பழம், இரண்டு டம்ளர் பால் என்று மற்ற நாளைவிட வயிறு நிறைந்துவிடும். கேட்டால் பலகாரம் என்போம்!

மூலவர் மூலிகையால் ஆன திருமேனி, அதனால் அபிஷேகம் உற்சவருக்குத்தான். மூலவரை எட்டு நொடி பார்த்திருப்பேன், அதற்குள் பின்னால் இருந்து தள்ளிவிட்டார்கள். மல்லியும் அரளியும் செவ்வந்தியுமாகக் குவிந்துகிடந்ததில் முகம் மட்டும்தான் தெரிந்தது. இவ்வளவு பூவுக்கு நடுவில் இருக்கிறவள் இன்றைக்குச் சாப்பிடவில்லை என்று நினைத்ததும், என்னமோ வீட்டில் அம்மா எல்லோருக்கும் போட்டுவிட்டுக் கடைசியில் வெறும் மோரைக் குடித்துவிட்டுப் படுப்பாளே, அந்த ஞாபகம் வந்து கண் நிறைந்துவிட்டது.

வேண்டுதல் சொல்ல மறந்தே போனேன். வெளியே ஒரு பாட்டி நீர்மோர் ஊற்றிக்கொண்டிருந்தார். காலையிலிருந்து ஒன்றும் சாப்பிடவில்லை என்றேன். "அவளுந்தான் சாப்பிடலை, நீ குடி" என்று இன்னொரு டம்ளர் ஊற்றினார்.