நெடுந்தீவில் உப்புத் தேநீர்

"வேன் கடலுக்குள்ள ஓடாது அம்மா."

டிரைவர் மிக மரியாதையாகத்தான் சொன்னார். குறிகட்டுவான் இறங்குதுறையில், காலை ஏழே காலுக்கு. என் கைப்பையில் ஓர் அச்சடித்த தாள் இருந்தது: தனி வாகனம், தனி வழிகாட்டி, தங்குமிட வாசலில் ஏற்றி, நெடுந்தீவு முழுக்கக் காட்டி, வாசலிலேயே இறக்கிவிடப்படும். யாழ்ப்பாணத்தில் ஒரு சுற்றுலா அலுவலகத்தில் முழுப் பணமும் கட்டி வாங்கிய தாள். பண்ணைப் பாலம், வேலணை, புங்குடுதீவு என்று இருபுறமும் கடலைப் பார்த்தபடி ஏசியில் சொகுசாக வந்தபோது, அந்த வேன் படகில் எப்படி ஏறும் என்று நாங்கள் இரண்டு பேரும் யோசிக்கவே இல்லை. ஒருவர் ஓய்வுபெற்ற வேதியியலர், இன்னொருவர் ஓய்வுபெற்ற கணக்கு வாத்தியார்!

சரி, வேன் வேண்டாம், வழிகாட்டி வரலாமே? கழுத்தில் அட்டை தொங்கவிட்டிருந்த அந்தப் பையன் படகைப் பார்த்தான், அலையைப் பார்த்தான், என்னைப் பார்த்தான். "எனக்குக் கடல் ஒத்துக்கொள்ளாது அம்மா. நான் கோட்டை, நல்லூர், நூலகம், அதுகள்தான் காட்டுறனான்." கோபம் வந்தது. ஆனால் இருபது வயதில் இவ்வளவு நேர்மையாக ஒத்துக்கொள்கிற பிள்ளையை என்ன திட்டுவது? அவனே யாருக்கோ போன் போட்டான். தீவில் ஓட்டோ வைத்திருக்கும் ஓர் அண்ணை மாவிலித்துறையில் நிற்பார், நாள் முழுக்க அவர் உங்களுக்குத்தான் என்றான். அந்தப் போன் கால்தான் எங்கள் 'தனிச் சுற்றுலா'.

ஒரு மணி நேரப் படகுப் பயணம். ஆகஸ்ட் மாதம் தென்மேற்கிலிருந்து வீசும் சோளகக் காற்றுக் காலம் என்பதை ஏறிய பிறகுதான் தெரிந்துகொண்டோம். காலையில் நான்கு இடியாப்பத்தை ஒரு பிடி பிடித்திருந்த என் வீட்டுக்காரர் பாதி வழியிலேயே நான்கையும் கடலுக்குக் கொடுத்துவிட்டார். பக்கத்தில் சிமெண்ட் மூட்டைமேல் உட்கார்ந்திருந்த ஊர்ப் பெண்மணி ஒன்றும் பேசாமல் தன் பையிலிருந்து ஒரு தேசிக்காயை எடுத்து, நகத்தால் கீறி, அவர் மூக்கருகே நீட்டினார். நம் ஊரில் எலுமிச்சை என்போம்.

துறையில் ஓட்டோ அண்ணை நின்றார். நாற்பத்தேழு வயது, வெயிலில் வெளுத்த நீலச் சட்டை. எனக்குத் தம்பி முறைதான். நான் தாளை எடுத்துப் பார்க்கவேண்டிய இடங்களை வாசித்தேன். ஒல்லாந்தர் கோட்டை, புறாக்கூடு, பெருக்கு மரம், குதிரைகள், வளருங்கல், பெரிய பாதம். அவர் கடைசிவரை பொறுமையாகக் கேட்டார்.

"எல்லாம் காட்டுறன். ஆனால் உந்த ஒழுங்கில இல்லை. முதல் குதிரை. வெயில் ஏறினால் அதுகள் நிழலுக்குப் போயிடும். கோட்டை எங்க ஓடப்போகுது?"

ஆனால் முதலில் காட்டியது குதிரையை அல்ல. துறையை ஒட்டி இருக்கும் நினைவிடத்தின் அருகே எஞ்சினை நிறுத்தினார், பாட்டையும் நிறுத்தினார். 1985 மே 15 அன்று, இங்கிருந்து குறிகட்டுவானுக்குப் போன குமுதினிப் படகில் இருந்த பயணிகள் நடுக்கடலில் வெட்டிக் கொல்லப்பட்டார்கள். கைக்குழந்தைகளும்தான். "அப்ப நான் சின்னப் பெடியன்" என்றதோடு சரி. அதற்குமேல் அவர் சொல்லவில்லை, நாங்கள் கேட்கவில்லை. நாங்கள் இப்போது வந்ததும் அதே கடல்வழிதான். அடுத்த பத்து நிமிடம் ஓட்டோவில் யாரும் பேசவில்லை.

வழியெல்லாம் முருகைக்கல் வேலி. சாந்து இல்லை, சுண்ணாம்பு இல்லை. பவளப்பாறைத் துண்டுகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கியே வீட்டுக்கு வீடு, வளவுக்கு வளவு எல்லை கட்டியிருக்கிறார்கள். இறங்கி ஒரு கல்லைத் தொட்டேன். மூளையின் மடிப்பு மாதிரி வரிவரியாக, ஓட்டை ஓட்டையாக இருந்தது. என் பாட்டிலில் இருந்து ஒரு மூடித் தண்ணீரை அதன்மேல் ஊற்றினேன். நிற்கவே இல்லை, குடித்துவிட்டது.

இந்த இடத்தில் என்னைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். முப்பத்தொரு வருடம் தண்ணீர் பரிசோதனைக் கூடத்தில் வேலை, அதில் பெரும்பகுதி ராமநாதபுரம் பக்கம். எங்கே போனாலும் கைப்பையில் பேனா அளவுக்கு ஒரு டிடிஎஸ் மீட்டர், அதாவது தண்ணீரில் கரைந்திருக்கும் உப்புகளின் அளவைக் காட்டும் கருவி, இருக்கும். கல்யாண வீட்டில்கூட ரசத்துக்கு முன்னால் தண்ணீரைத்தான் பார்ப்பேன் என்று மகன் கிண்டல் செய்வான். அதனால் நான் அந்தக் கல்லில் தண்ணீர் ஊற்றியதைப் பார்த்து ஓட்டோத் தம்பி சிரிக்காமல், "அம்மா, உங்களுக்குத் தண்ணி விளங்குமோ?" என்று கேட்டாரே, அந்த நிமிடத்தில் என் தாளில் இருந்த பட்டியல் செத்துப்போனது.

குதிரைகளைப் பார்த்தோம். தீவின் தெற்குப் பக்கம், மரமே இல்லாத வெளி. புல் காய்ந்து பொரிந்துபோயிருந்தது. மட்டக் குதிரைகள். பதினேழு வரை எண்ணினேன், பிறகு கலைந்துவிட்டன. போர்த்துக்கீசர் கொண்டுவந்து, ஒல்லாந்தர் பெருக்கி, 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் நோலன் என்ற ஆங்கில அதிகாரி லாயம் கட்டி வளர்த்து, அவர்களும் போனபின் கேட்பாரற்றுக் காடேறியவை. 2015இல் இந்தப் பகுதியைத் தேசியப் பூங்காவாக அறிவித்திருக்கிறார்கள். ஆனால் அறிவிப்பு தண்ணீர் தராதே. வறட்சி முற்றினால் குதிரைகள் செத்துவிழுகின்றன. ஒரு வெடித்த குளத்தின் நடுவில் பாய் அகலத்துக்குச் சேறு கிடந்தது. ஒரு குட்டி அதில் மூக்கை வைத்து எடுத்து, தும்மி, மறுபடி வைத்தது. சுற்றுலாப் படங்களில் பிடரி பறக்க ஓடும் குதிரைகள்தான் வருகின்றன. நான் பார்த்தது இது.

அதன் பிறகு கிணறு, கிணறு, கிணறு. ஒரு பொதுச் சுற்றுலாவில் நாற்பது பேரோடு வந்திருந்தால் யாராவது கை தட்டிக் கூப்பிட்டிருப்பார்கள். இங்கே என் வீட்டுக்காரர் மட்டும்தான். அவரும் ஓட்டோவின் பின்சீட்டில் தேசிக்காயோடு தூங்கிவிட்டார்.

முதல் கிணற்றில் மீட்டரை முக்கினேன். எண்ணே வரவில்லை, அளவு தாண்டிவிட்டது என்று காட்டியது. இரண்டாவது, மூன்றாவது, அதே கதை. நம் நாட்டுத் தரக்கட்டுப்பாட்டில் லிட்டருக்கு 500 மில்லிகிராம் நல்லது, வேறு வழியே இல்லையென்றால் 2000 வரை போகலாம். இங்கே மீட்டர் திணறியது. தம்பி ஒரு விரலை நனைத்து நாக்கில் வைத்து, "சவர்" என்றார். உப்புக்கரிப்பைத்தான் அப்படிச் சொல்கிறார்கள். அடுத்ததில், "இது குளிக்கலாம்." அதற்கடுத்ததில், "மாடு குடிக்கும், மனுசருக்குச் சரிவராது." மூன்று விதச் சவரை நாக்காலேயே தரம் பிரித்தார். எங்கள் ஆய்வகத்தில் இருந்திருந்தால் நான் கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருப்பேன்.

தீவில் நல்ல தண்ணீருக்குப் பேர்போன இடம் சாராப்பிட்டி. போனவுடன் எனக்கு மணல்தான் கண்ணில் பட்டது. தம்பி இறங்காமலேயே கேட்டார்: "ஏன் இங்க மட்டும் நல்ல தண்ணி? சொல்லுங்கோ பாப்பம்." வழிகாட்டிதான் பயணிக்குப் பரீட்சை வைக்கிறார்!

சொன்னேன். மழைத்தண்ணீர் மணலில் இறங்கும்போது அடியில் கடல்நீர் ஏற்கெனவே நிற்கிறது. கடல்நீர் கனமானது, லிட்டருக்கு ஏறத்தாழ 25 கிராம் கூடுதல். அதனால் மழைநீர் அதன்மேல் எண்ணெய் மாதிரி மிதக்கும். கடல்மட்டத்துக்கு மேல் ஓர் அடி நல்ல தண்ணீர் நின்றால், அதைத் தாங்க அடியில் ஏறத்தாழ நாற்பது அடி நல்ல தண்ணீர் இருக்கும். கணக்கு அப்படி. ஆனால் மேலே ஓர் அடியை அவசரப்பட்டு உறிஞ்சினால், கீழே அந்த நாற்பதும் சுருங்கி உப்பு மேலே ஏறிவிடும். வெறும் முருகைக்கல் தரையில் ஓட்டைவழி கடல் உள்ளே வந்து கலக்கும், மணல் மெதுவாகத்தான் விடும். அதனால் மணற்பிட்டியில் நல்ல தண்ணீர் தங்கும்.

"அதுதான் அப்பா சொல்லுவார், வாளியால அள்ளு, மோட்டர் போட்டால் கிணறு கோவிக்கும் எண்டு" என்றார். நான் கால் மணி நேரம் வகுப்பெடுத்ததை அவருடைய அப்பா ஒரு வரியில் சொல்லிவைத்திருக்கிறார்.

தனுஷ்கோடியில் பெண்கள் கடலுக்கு ஐம்பது தப்படியில் மணலைக் கையால் தோண்டி, ஊறுகிற தண்ணீரை அள்ளுவதை எத்தனையோ முறை பார்த்திருக்கிறேன். அதைச் சொன்னதும் அவர் தென்மேற்காகக் கையை நீட்டினார். "அங்கால கச்சதீவு. அதுக்கும் அங்கால உங்கட ஆக்கள்." 1974க்குப் பிறகு கச்சதீவு நெடுந்தீவுப் பிரதேச செயலகத்தின் கீழ் வருகிறது. அந்தோனியார் கோயில் திருவிழாவுக்கு இரண்டு பக்கத்து ஆட்களும் வருவார்கள். நான் பார்த்தேன். வெறும் நீலம்.

கிணற்றுக்குள் வாளியை விட்டு இழுத்தார். மீட்டரை முக்கினேன். இரண்டு எண் மின்னி, திரை மங்கி, அணைந்தது. பேட்டரி! முப்பத்தொரு வருடத் தொழிலில், வாழ்நாளுக்கு ஒரு தரம் கிடைக்கிற தண்ணீர் மாதிரி ஒன்று பரிசோதிக்கக் கைக்கு வரும்போது பேட்டரி போகிறது. தம்பி என் முகத்தைப் பார்த்துவிட்டு, உள்ளங்கையைக் குவித்துக் காட்டினார். குடித்தேன். குளிர்ச்சி, அப்புறம் ஒன்றுமில்லை. தண்ணீர் எந்த ருசியும் இல்லாமல் இருப்பது எவ்வளவு பெரிய விஷயம் என்பது நான்கு சவர்க் கிணறு தாண்டி வந்த நாக்குக்குத்தான் தெரியும். ஊருக்குப் போய் ஆய்வகத்தில் பழைய தோழியிடம் கொடுத்துப் பார்க்கலாம் என்று ஒரு லிட்டர் பாட்டிலை மூன்று தரம் கழுவி, வாய்வரை நிரப்பி, தேதி, நேரம், இடம் எழுதி ஒட்டினேன். பழக்கதோஷம்.

மற்ற இடங்களையும் பார்த்தோம், அவசரமாக. கோட்டை இடிந்த முருகைக்கல் சுவர், அவ்வளவுதான். ஒல்லாந்தர் தங்கள் ஊர்ப் பெயரான டெல்ஃப்ட்டைத் தீவுக்கு வைத்துவிட்டுப் போனார்கள். ஊர்க்காரர் யார் வாயிலும் அந்தப் பெயரை நான் கேட்கவில்லை. புறாக்கூடு அழகு. பாறைத் தரையில் பதிந்த பெரிய பாதத்துக்கு ஆளுக்கொரு கதை. வளருங்கல்லுக்குப் பூ வைத்திருந்தார்கள். வளர்கிறதா என்று கேட்டேன், "நாங்கள்தான் கூனிப்போறம்" என்றார் தம்பி. பெருக்கு மரத்தின் பொந்துக்குள் மட்டும் நின்று நிதானமாகப் பார்த்தேன். அரபு வணிகர் கொண்டுவந்து நட்டதாகச் சொல்கிறார்கள். ஆப்பிரிக்க மரம், அடிமரத்தில் தண்ணீரைச் சேர்த்துவைத்துக்கொண்டு வறட்சியைத் தாண்டும். இந்தத் தீவில் அது பிழைத்ததில் எனக்கு ஆச்சரியம் இல்லை.

படகுக்கு முன்னால் ஒரு தகரக் கொட்டகையில் பிளேன்டீ. கடிக்கப் பனங்கட்டி. ஒரு மிடறு உறிஞ்சியதும் நிமிர்ந்தேன். சாயம் நன்றாக இறங்கியிருந்தது, சூடு சரி, ஆனால் அடிநாக்கில் உப்பு. பனங்கட்டியைக் கடித்தால் இனிப்புக்குப் பின்னால் அந்த உப்பு வந்து நின்றது. கெட்டதென்று சொல்லமாட்டேன். இரண்டாவது கோப்பையும் வாங்கினேன்.

"தேத்தண்ணியில உப்பு தெரியுதா தம்பி உங்களுக்கு?"

"எங்களுக்குத் தெரியாது அம்மா. யாழ்ப்பாணம் போய்க் குடிச்சால்தான் சப்பெண்டு இருக்கும்."

இப்போது சுத்திகரித்த மெசின் தண்ணீரும் தீவில் கிடைக்கிறது, குடிக்க அதைத்தான் எடுக்கிறார்களாம். தேநீருக்கு மட்டும் சில வீடுகளில் இன்னும் கிணறுதான்.

கணக்குத் தீர்க்கும்போது, அவர் கேட்டதற்கு மேல் கொஞ்சம் வைத்தேன். எண்ணிப் பார்த்து மேலதிகத்தைத் திருப்பிக் கொடுத்தார். "கதைச்சது இவ்வளவுதானே." கடைசியில் தேநீருக்கு மட்டும் காசு கொடுக்க விட்டார்.

திரும்பும்போது காற்று இன்னும் கூடியிருந்தது. நான் படகின் ஓரத்தில் நின்று, மாவிலித்துறை சின்னதாகிக்கொண்டே போவதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். பின்னால் வழக்கமான ஓங்கரிப்புச் சத்தம். பிறகு கொப்பளிக்கிற சத்தம். பிறகு, "அப்பாடா, இந்தத் தண்ணி நல்லா இருக்கே" என்று வீட்டுக்காரர் குரல்.

திரும்பிப் பார்த்தேன். பாட்டிலில் கால்வாசி மிச்சம். தேதி, நேரம், இடம் எழுதிய சீட்டு மட்டும் பத்திரமாக ஒட்டியிருந்தது.