சிமெண்டுத் தரையில் தற்கால நடனம்

தற்கால நடனம், நடன அமைப்பு, நடனம் பற்றிய எழுத்து மூன்றையும் ஒன்றாகக் கட்டி ஒரு பிழைப்பாக ஓட்டிக்கொண்டு கோத்தகிரியில் இருக்கிறேன். பிழைப்பு என்று கொஞ்சம் தாராளமாகத்தான் சொல்கிறேன். சோறு போடுவது பள்ளிப் பிள்ளைகளுக்கு எடுக்கும் வகுப்பும், கோவையிலும் பெங்களூரிலும் அவ்வப்போது நடத்தும் பயிலரங்கும்தான். எழுத்தில் வரும் காசுக்கு மேட்டுப்பாளையம் போய் வரலாம்.

ஏன் மலைக்குப் போனாய் என்று கேட்டால் வாடகை என்பேன். இங்கே ஒத்திகைக்குக் கூடம் கட்டுப்படியாகிறது, ஆனால் தரை சிமெண்டு. டிசம்பர் காலையில் வெறுங்காலோடு நின்றால் குளிர் கணுக்கால் வழியாக ஏறும், உடம்பு சூடாகும் முன் குதித்தால் கெண்டைச்சதை பிடித்துக்கொள்ளும், சூடான பிறகும் அந்தத் தரையில் திரும்பத் திரும்பக் குதிப்பது முழங்காலுக்கு நல்லதில்லை. அதனால் நான் அமைக்கும் நடனங்களில் குதிப்பது குறைந்து, கீழே உருள்வதும், எடையை ஒரு காலிலிருந்து மறு காலுக்கு மெல்ல மாற்றுவதும் கூடிவிட்டன. இதைப் பார்க்கும் விமர்சகர் 'மலையின் அமைதி உடலில் இறங்கியிருக்கிறது' என்று எழுதிவிட்டுப் போவார்.

நடன விமர்சனத்தில் எனக்கு இருக்கும் சண்டையே இதுதான். உடை அழகு, ஒளியமைப்பு அருமை, மெய்சிலிர்த்தது. சரி, பாதம் எங்கே விழுந்தது?

நடன அமைப்பாளர் சந்திரலேகா 1985இல் 'அங்கிகா' என்ற படைப்பில் பரதத்தைக் களரி என்னும் கேரளத் தற்காப்புக் கலைக்கும் யோகத்துக்கும் பக்கத்தில் நிறுத்தினார். 2001இல் வந்த அவருடைய 'சரீரா'வில் ஒரு பெண், ஒரு ஆண், துருபத் என்னும் இந்துஸ்தானி இசை, அசைவு அவ்வளவு நிதானம். தியானம் என்று ஒரே சொல்லில் முடித்துவிடலாம்தான். அந்த நிதானத்தைத் தாங்கும் தொடையும் அடிவயிறும் என்ன பாடுபடும் என்று எழுத, அதில் கொஞ்சமாவது செய்து பார்த்திருக்க வேண்டும். அதில் ஆடிய திஷானி தோஷி கவிஞரும்கூட, எனக்கு அது தற்செயலாகத் தெரியவில்லை.

நான் குறிப்பெடுப்பது அரங்கின் இருட்டில், நோட்டைப் பார்க்காமல். திரும்பினாள், சாய்ந்தாள், முழங்கை முதலில் போனது, இப்படி வினைகள் மட்டும். மறுநாள் கூடத்தில் அவற்றைச் செய்து பார்ப்பேன். எங்கே மூச்சு தட்டுகிறதோ அங்கேதான் எழுத விஷயம் இருக்கிறது.

ஹெத்தையம்மன் பண்டிகையில் நீலகிரியின் படுகர் சமூகத்தினர் வட்டமாக ஆடுவதையும் அப்படித்தான் பார்க்கிறேன். நிதானமாகத் தொடங்கி வேகம் ஏறும்போது இளவட்டங்கள் கையை வீசுகிறார்கள், பக்கத்தில் ஒரு பெரியவர் தோளைக்கூட அசைக்காமல் குதிகாலிலேயே தாளத்தை வைத்துக்கொண்டு போகிறார். இதை மேடைக்குக் கொண்டுவரக் கூடாதா என்று நண்பர்கள் கேட்பதுண்டு. எதற்கு? அவர்களுக்கு நடன அமைப்பாளர் தேவைப்படவில்லை.

ஒரு சிக்கல் மட்டும் உண்டு. தற்கால நடன உலகம் ரொம்பச் சின்னது, இன்று யாரைப் பற்றி எழுதுகிறேனோ நாளை அவர் என்னைப் பயிலரங்குக்குக் கூப்பிடக்கூடும். அதனால் கூட வேலை செய்தவர்களைப் பற்றி விமர்சனம் எழுதுவதில்லை, மற்றவர்கள் நிகழ்ச்சிக்கு டிக்கெட்டை நானே வாங்கிக்கொள்கிறேன். கோத்தகிரியிலிருந்து பஸ் செலவும் சேர்த்தால் கட்டுரைக்கு வருவதைவிட அது அதிகம்.