தாரோங்கிற பேரை பிரஷ்ல எழுதிப் பழகுறேன், இதுவரைக்கும் வந்தது இவ்வளவு

ஜப்பான்ல குழந்தை பொறந்த ஏழாவது நாள் ராத்திரி பேர் வைக்கிற சடங்கு ஒண்ணு உண்டு, ஒஷிச்சியான்னு சொல்லுவாங்க. அன்னைக்கு வெள்ளைத் தாள்ல பிரஷ்ஷும் கறுப்பு மையும் வெச்சு குழந்தை பேரைப் பெருசா எழுதி, சாமி மாடத்துக்குப் பக்கத்துலயோ வர்றவங்க கண்ணுல படுற மாதிரி சுவத்துலயோ மாட்டிடுவாங்க. அந்தத் தாளுக்கு மெய்மெய்ஷோன்னு பேர். டோக்கியோவுல எங்க வார்டு சமூகக் கூடத்துல ஷோதோ வகுப்பு நடக்குது, அதான் பிரஷ் எழுத்துக் கலை, அதுல சென்செய், அதாவது வாத்தியார், இந்தத் தடவை குடுத்த வேலை இந்த மெய்மெய்ஷோதான். ஆளுக்கு ஒரு ஆம்பளைப் பிள்ளை பேர் எடுத்துக்கணும், அந்தப் பேர் எங்கிருந்து வந்துச்சுன்னு தெரிஞ்சுக்கணும், அப்புறம் எழுதணும். பக்கத்துல உக்காந்திருந்தவங்க எல்லாம் ஹருதோ, மினாதோன்னு இப்போ ஓடுற பேரா எடுத்தாங்க. நான் தாரோ எடுத்துக்கிட்டேன்.

இங்க வந்து குடியேறுற யாருக்கும் முதல்ல அறிமுகமாகுற ஜப்பான்காரர் தாரோதான்னு சொல்லலாம். வார்டு ஆபீஸ்ல, பேங்க்ல எங்க ஃபாரம் வாங்குனாலும் எப்படி நிரப்பணும்னு காட்டுற மாதிரி காப்பில "யமதா தாரோ"ன்னு இருக்கும், பொம்பளைன்னா ஹனகோ. அவ்வளவு சாதாரணப் பேர். ஆனா அப்படிச் சாதாரணமா ஆகுறதுக்கு ஒரு பேர் எத்தனை நூற்றாண்டு புழங்கியிருக்கணும்னு யோசிச்சப்போதான் எனக்கு இது மேல ஆசையே வந்துச்சு.

அர்த்தம் ரொம்ப நேரானது. தா எழுத்துக்கு பெரிய, பருத்தன்னு பொருள், ரோ எழுத்துக்கு இளைஞன், மகன். ரெண்டும் சேர்ந்தா மூத்த பையன். அதுக்கு அடுத்தவன் ஜிரோ, மூணாவது சபுரோ, அப்புறம் ஷிரோ, கொரோ, ரொகுரோ, ஷிச்சிரோ, ஹச்சிரோ, குரோ, ஜூரோ, இப்படி பத்து வரைக்கும் போகுது. நம்ம வீட்டுல பெரியவன், நடுவுலவன், கடைக்குட்டின்னு கூப்பிடுறோமே அதே மாதிரிதான், ஆனா அங்க அந்தக் கூப்பாடே நிரந்தரப் பேரா நின்னுடுச்சு. ரோங்கிற எழுத்து சீனாவுல இருந்து வந்தது, ஹான் அரசர்கள் காலத்துல அரண்மனைக் காவல்ல இருந்த ஒரு தரத்து அதிகாரிக்கு அந்தப் பட்டம் இருந்துச்சு, பின்னாடி நல்ல குடும்பத்து வாலிபன்னு ஆச்சு.

சரி, எழுதுற கதைக்கு வர்றேன். தா எழுத்துக்கு மொத்தம் நாலே கோடு. குறுக்கே ஒண்ணு, அது லேசா வலது பக்கம் மேல ஏறணும். அப்புறம் மேல இருந்து ஆரம்பிச்சு குறுக்குக் கோட்டை வெட்டிக்கிட்டு இடது கீழே வழிஞ்சு போற கோடு, இதுல பிரஷ்ஷைக் கொஞ்சம் கொஞ்சமா தூக்கிக்கிட்டே போய் முனை காத்துல முடியணும். மூணாவது வலது கீழே இறங்குறது, இது நேர் எதிர், இறங்க இறங்க பிரஷ்ஷை அமுக்கி, அடில ஒரு நொடி நிறுத்தி, அப்புறம் திசையை மாத்தி மெல்ல வெளிய இழுக்கணும், இந்த இழுக்குற சங்கதிக்கு ஹராய்னு சொல்றாங்க. இதுவரைக்கும் எழுதுனா அது "பெரிய"ங்கிற வேற எழுத்து. நாலாவதா ரெண்டு காலுக்கும் நடுவுல ஒரு புள்ளி வெச்சாத்தான் தா. அதே புள்ளியைத் தூக்கி வலது மேல் மூலையில வெச்சா அது நாய்ங்கிற எழுத்து! ஒரு பையன் பேருக்கு ஒரு புள்ளி எங்க நிக்குதுங்கிறது அவ்வளவு முக்கியம், அதனால சென்செய் என்னை ஒரு முழு வகுப்பும் அந்தப் புள்ளியை மட்டும் போட வெச்சாங்க. பிரஷ் முனையை 45 டிகிரி சாய்ச்சு தாள்ல வெச்சு, மை ஊர்ற வரைக்கும் இருந்து, உள் பக்கமா மடிச்சு எடுக்கணும். எடுத்ததும் சின்ன அரிசி மணி மாதிரி நிக்கும்.

நான் பாட்டில் மை வாங்கல. நாரா ஊர்ல செஞ்ச கட்டி மையை மைக்கல்லுல தண்ணி விட்டு உரசித்தான் எழுதுறேன். எண்ணெய்ப் புகைக்கரியும் மிருகப் பசையும் சேர்த்துச் செய்ற கட்டி அது. உரசுறதுக்கு நேரம் ஆகும், ஆனா அந்த நேரத்துல கை தானா அடங்கிடுது, அப்புறம் எழுதுற முதல் கோடே வேற மாதிரி வருது. பிரஷ் ஹிரோஷிமா பக்கத்துல இருக்குற குமனோ ஊர்ல செஞ்சது, பிரஷ்னாலே ஜப்பான்ல அந்த ஊரைத்தான் சொல்லுவாங்க.

புள்ளி கைக்கு வந்தப்புறம் சென்செய் ஒரு நல்ல யோசனை சொன்னாங்க, தாரோவை மட்டும் எழுதிட்டு இருக்காதீங்க, தம்பிங்களையும் எழுதுங்கன்னு. அப்போதான் சபுரோ எழுதிப் பார்த்தேன். மூணுங்கிற எண்ணு வெறும் மூணு குறுக்குக் கோடு, பாக்க ஒண்ணுமில்லை, ஆனா மேல் கோடு லேசா மேல் நோக்கி வளையணும், நடுக்கோடு குட்டையா நேரா இருக்கணும், அடிக்கோடு நீளமா கவுந்த மாதிரி இருக்கணும். மூணும் ஒரே மாதிரி இருந்தா அது செத்த எழுத்துன்னு சென்செய் சொல்றாங்க.

இந்த அண்ணன் தம்பி வரிசையை எழுதிக்கிட்டு இருக்கும்போதுதான் மினமோதோ வம்சத்து மூணு சகோதரர்கள் கதை கிடைச்சுது. மினமோதோ நோ யொஷிஇயே (1039–1106) பெரிய வீரர், அவரோட ஆளாகுற சடங்கு, கெம்புகுன்னு சொல்றது, கியோட்டோவுக்குத் தெற்கால இருக்குற இவஷிமிசு ஹச்சிமான் கோயில்ல நடந்துச்சு. அதனால அவர் ஹச்சிமான் தாரோ. அடுத்த தம்பிக்கு கமோ கோயில்ல நடந்துச்சு, அவர் கமோ ஜிரோ. மூணாவது தம்பிக்கு ஓத்சு ஊர்ல மீதேரா கோயிலைச் சேர்ந்த ஷின்ரா சாமி முன்னாடி, அவர் ஷின்ரா சபுரோ. கோயில் பேரு முன்னாடி, வீட்டுல எத்தனாவதுங்கிறது பின்னாடி, இவ்வளவுதான் ஆளை அடையாளம் சொல்ல. எனக்கு இது ரொம்ப அழகாப் பட்டுச்சு, ஏன்னா இந்தப் பேர் அந்த ஆள் எப்படிப்பட்டவன்னு சொல்லவே இல்லை, எந்த சாமி முன்னாடி ஆளானான், யாருக்குப் பின்னாடி பொறந்தான்னு மட்டும் சொல்லுது.

அப்போ நிஜப் பேர் இல்லையான்னா, இருந்துச்சு, யொஷிஇயேங்கிறதுதான் நிஜப் பேர். அதுக்கு இமினான்னு சொல்லுவாங்க. பெரிய மனுஷனோட இமினாவை வாயால சொல்றது மரியாதைக் குறைவு, பெத்தவங்களோ எஜமானரோ சொல்லலாம், மத்தவங்க சொல்லக்கூடாது. அதனால வெளிய புழங்குறதுக்குன்னு ஒரு பேர் தேவைப்பட்டுச்சு, அந்த இடத்துலதான் தாரோவும் ஜிரோவும் வந்து உக்காந்தாங்க. மினமோதோ நோ யொஷித்சுனே (1159–1189) ஒருத்தரையே எடுத்துக்குங்க, சின்ன வயசுல உஷிவகமாரு, வளர்ந்தப்புறம் இமினா யொஷித்சுனே, ஊர் கூப்பிட்டது குரோ, ஏன்னா அவர் யொஷிதொமோவுக்கு ஒன்பதாவது மகன். ஒரு ஆளுக்கு மூணு பேர், அதுல ஊரே சொன்ன பேர் வெறும் ஒரு எண்.

இன்னொரு பக்கம் கியோகென் மேடை நாடகத்துல எஜமானர் கூப்பிடுற வேலைக்காரன் பேரு தாரோ கஜா, கூட இன்னொருத்தன் வந்தா அவன் ஜிரோ கஜா. அங்க பொறந்த வரிசை இல்லை, வேலைக்காரங்களுக்குள்ள இருக்குற வரிசை. போர்ல ஜெயிச்ச தளபதியும் எஜமானரோட சாகேங்கிற அரிசி மதுவைத் திருட்டுத்தனமா குடிக்கிற வேலைக்காரனும் ஒரே பேர்ல நிக்கிறாங்க. கதைகள்லயும் அப்படித்தான், பீச் பழத்துல இருந்து வந்த மொமொதாரோ (ஒகயாமா விமான நிலையத்துக்கே அவர் பேர்தான்), அஷிகரா மலையில கரடியோட மல்லுக்கட்டுன கிந்தாரோ, ஆமை மேல ஏறிக் கடலுக்குள்ள போன உரஷிமா தாரோ. ராஜா மகன் யாருமில்லை, எல்லாம் மலைப் பக்கத்துலயும் கடற்கரையிலயும் வளர்ந்த பசங்க.

ஆறுக்குக் கூட இந்தப் பேர் உண்டு. டோக்கியோவைச் சுத்தி இருக்குற கான்தோ பகுதியோட பழைய பேர் பன்தோ, அங்க ஓடுற 322 கிலோமீட்டர் நீளமுள்ள தொனே ஆறுதான் பன்தோ தாரோ. கியூஷுல ஓடுற சிக்குகோ ஆறு த்சுகுஷி ஜிரோ, ஷிகோகுல ஓடுற யொஷினோ ஆறு ஷிகோகு சபுரோ. மூணும் வெள்ளம் வந்தா ஊரை உண்டு இல்லைன்னு பண்ணுன ஆறுங்க, அதுங்களை அண்ணன் தம்பியா வரிசைப்படுத்தி வெச்சிருக்காங்க. நான் சாயங்காலம் நடக்கப் போறது எதோகாவா கரையில, அது செகியதோகிட்ட தொனேல இருந்து பிரியுற கிளை. இத்தனை நாளும் வெறும் ஆறா இருந்தது, இப்போ பெரியவனோட தண்ணின்னு சொல்லிக்கிட்டே நடக்குறேன். கோடைல ஒசாகா, கியோட்டோ இருக்குற கன்சாய் பக்கம் குமுறி எழும்புற இடி மேகத்துக்கும் தன்பா தாரோன்னு பேர் வெச்சிருக்காங்க. எதுல எல்லாம் பெருசு முதல்ல வருதோ அதுக்கெல்லாம் தாரோ.

இது எப்போ சட்டப்படி பேரா ஆச்சுன்னு தேடுனப்போ மெய்ஜி காலத்துக்குப் போக வேண்டியிருந்துச்சு. 1872ல ஒருத்தருக்கு ரெண்டு பேர் கூடாது, புழங்குற பேரோ இமினாவோ ஏதாவது ஒண்ணுதான்னு அரசாங்கம் சொல்லிடுச்சு. 1875ல எல்லாருக்கும் குடும்பப் பேர் கட்டாயம். அப்போ நிறைய பேரு வீட்டுல கூப்பிட்ட தாரோ, சபுரோவையே பதிஞ்சுக்கிட்டாங்க, அதுவரைக்கும் இமினாவை மறைச்சுக்கிட்டு வெளிய நின்ன பேர் அதுக்கப்புறம் ஒரே பேரா ஆயிடுச்சு. மூணு தடவை பிரதமரா இருந்து மொத்தம் 2,886 நாள் ஆட்சி பண்ணுன கட்சுரா தாரோ இந்தத் தலைமுறைதான். 1970 ஒசாகா எக்ஸ்போவுக்கு 70 மீட்டர் உயரத்துக்கு சூரியக் கோபுரம் கட்டுன ஓவியர் ஒகமோதோ தாரோவும் (1911–1996) இதே ரெண்டு எழுத்துதான்.

ரோ எழுத்துக்கு வந்தப்போதான் உண்மையான வேலை. ஒன்பது கோடு. இடது பாதியில ஆறு, மேல ஒரு சின்னக் கோடு, கீழ பெட்டி மாதிரி ஒண்ணு, அப்புறம் இறங்கி மேல கொக்கி போடுற கோடு, கடைசியா ஒரு புள்ளி. வலது பாதியில காது மாதிரி ரெண்டு வளைவு, அதோட முதுகுல நெட்டா ஒரு கோடு. அந்த நெட்டுக்கோடு இடது பாதியை விடக் கீழே இறங்கணும், இறங்குனாத்தான் மொத்த எழுத்தும் நிக்கும். தா நாலு கோட்டுல மேல இருக்கு, ரோ ஒன்பது கோட்டுல கீழ இருக்கு, ரெண்டையும் ஒரே தடிமன்ல எழுதுனா மேல வெறிச்சோடிப் போய் கீழ கறுத்துடும். கோடு கம்மியா இருக்குற எழுத்தை தடிமனா, நிறைய இருக்குறதை மெலிசா எழுதணுங்கிறது சென்செய் பாடம். இத்தனைக்கும் தா ரெண்டாம் வகுப்புலயே சொல்லித் தர்ற எழுத்து, ரோ ஆரம்பப் பள்ளி பட்டியல்லயே இல்லை, அதனால சின்ன வயசு தாரோ தன் பேர்ல பாதியை வீட்டுலதான் கத்துக்கணும்.

இதே இடது பாதியை வெச்சுக்கிட்டு வலது பக்கம் காதுக்குப் பதிலா நிலா எழுத்தைப் போட்டா இன்னொரு ரோ வரும், அதுக்கு தெளிவு, மலர்ச்சின்னு பொருள். பேஸ்பால் வீரர் இச்சிரோ சுசுகி பேர்ல இருக்குறது இந்த நிலா ரோதான். இச்சிரோன்னா ஒண்ணாவது பையன்னுதான் காதுக்குக் கேக்கும், ஆனா அவருக்கு ஒரு அண்ணன் இருக்காரு, அவர் ரெண்டாவது பையன். அதாவது அவர் காலத்துக்கு வர்றதுக்குள்ள எண்ணுறது நின்னுபோய் ஓசை மட்டும் தங்கிடுச்சு. அமெரிக்கால 3,089 ஹிட் அடிச்சவர் பேர்ல ஒண்ணு இருக்குறது பொருத்தம்தான்னு எனக்குத் தோணும்.

ஆனா எண்ணுறது முழுசா போகல. குழந்தை பொறந்து 14 நாளுக்குள்ள பதியணும், கொசெகிங்கிற குடும்பப் பதிவேட்டுல இன்னைக்கும் மூத்த ஆண், ரெண்டாவது ஆண்னு உறவு எழுதுறாங்க. பேர் என்னவா வேணா இருக்கட்டும், வரிசை அங்க இருக்கு. 2025 மே மாசத்துல இருந்து பேரை எப்படிப் படிக்கணுங்கிறதும் சேர்த்துப் பதியணும்னு சட்டம் வந்துடுச்சு, ஏன்னா இப்போ வைக்கிற பல பேருங்களை எழுத்தைப் பாத்துப் படிக்க முடியாது. தாரோவுக்கு அந்தப் பிரச்சினையே கிடையாது, எந்த ஊர்ல எந்த வயசுக்காரர்கிட்ட காட்டினாலும் ஒரே மாதிரிதான் படிப்பாங்க. இது ஒரு பெரிய கொடுப்பினைன்னு நினைக்கிறேன், பிள்ளைக்குப் பேர் தேடுறவங்க இதை இவ்வளவு சீக்கிரம் ஒதுக்கிடக் கூடாது.

இப்போ நிலவரம் என்னன்னா, ஹன்ஷி தாள்ல தா நல்லா நிக்குது, வலது ஹராய்க்கு சென்செய் சிவப்பு மையில, அருமைங்கிறதுக்குப் போடுற பூ வட்டமே போட்டுட்டாங்க. ரோவுல காது வளைவு ரெண்டாவது முதலை விடக் கொஞ்சம் பெருசா இருக்கணும், அதுவும் வந்துடுச்சு. நெட்டுக்கோடுதான் பாக்கி, அதை ஊசி முனை மாதிரி முடிக்கிறதா இல்லை நிறுத்தி முடிக்கிறதான்னு ரெண்டு வழி இருக்கு, நான் நிறுத்தி முடிக்கப் போறேன், மூத்த பையன் பேர் தரையில கால் ஊனி நிக்கட்டும். மெய்மெய்ஷோவுக்குத் தடிச்ச ஹோஷோ தாள் வாங்கியாச்சு. நடுவுல பேர், பக்கத்துல சின்னதா பிறந்த தேதி, தேதிக்கு மெலிசு பிரஷ் தனியா வேணும். அது முடிஞ்சதும் கெந்தாரோ எழுதலாம்னு இருக்கேன், தாரோவுக்கு முன்னாடி ஆரோக்கியங்கிற எழுத்து, அதுக்கு மட்டும் 11 கோடு, மூணு எழுத்தையும் ஒரே நெட்டுல அடக்கணும். சனிக்கிழமை சென்செய் அதுக்கு மாதிரி எழுதித் தர்றேன்னு சொல்லியிருக்காங்க, அதுக்குள்ள நீளத் தாள் வாங்கி வெச்சுக்கணும்.