கேன் தண்ணீரில் ஏறிய செங்கல் நிறம்

மொட்டை மாடி பிரம்பு நாற்காலிகளின் குஷன் உறைகளுக்கு ஒருவழியாகத் திட்டுத் திட்டாக இல்லாமல் சாயம் ஏறிவிட்டது. நல்ல செங்கல் நிறம், மூலைக்கு மூலை ஒரே சீர். சாயமும் அதேதான், துணியும் அதேதான். மாற்றியது தண்ணீரை மட்டும்: போர்த் தண்ணீருக்குப் பதில் கேன் தண்ணீர்.

எங்கள் போர்த் தண்ணீர் பாத்திரத்தில் வெள்ளை வெள்ளையாய்ப் படியும் ரகம். பருத்தி இழையோடு வேதியாகப் பிணையும் ரியாக்டிவ் சாயத்தில், அதைப் பிடிக்கவைக்கும் சோடா ஆஷ் விழுந்ததும் தண்ணீரில் இருக்கும் கால்சியம் சுண்ணாம்பாகத் திரிந்து துணிமேல் உட்காருகிறது. காய்ந்த கான்வாஸை விரலால் தேய்த்தால் மாவு போல ஒட்டும். கடைக்காரரோ, "உப்பு இன்னும் கொஞ்சம் சேர்த்துப் போடுங்க சார்" என்றே சொல்லிக்கொண்டிருந்தார். அதுவும் கல்லுப்பு! அதில் கால்சியமும் மெக்னீசியமும் வேறு உண்டு.

அரை கிலோ துணிக்கு 1:20 கணக்கில், அதாவது துணி எடையைப் போல 20 மடங்கு தண்ணீர், 10 லிட்டர். ஒரு 20 லிட்டர் கேன் இரண்டு வாளிக்கு வரும். லிட்டருக்கு 50 கிராம் தூள் உப்பு, 20 கிராம் சோடா ஆஷ். சோடாவைத் தனியே கரைத்து ஆறவிட்டு, ஒவ்வொரு தடவையும் துணியை வெளியே தூக்கிவிட்டு, கொஞ்சம் கொஞ்சமாகத்தான் ஊற்ற வேண்டும். துணிமேல் நேராக ஊற்றினால் அந்த இடம் மட்டும் கறுத்துப்போகும். படிகமாக விற்கும் சலவை சோடா என்றால் எடை 2.7 மடங்கு, அதில் பாதிக்கு மேல் தண்ணீர்தான். முதல் அலசலுக்கு ஏசி குழாயில் சொட்டுவதைப் பிடித்து வைத்துக்கொண்டேன். சுண்ணாம்பே இல்லாத தண்ணீர், காசும் கிடையாது.

தையல் நூலும் ஜிப்பும் பாலியெஸ்டர். அவை வெள்ளையாகவே நிற்கின்றன. வீட்டில் அதை டிசைன் என்று சொல்லி வைத்திருக்கிறேன்.

துணி, கரூர் ஏற்றுமதி மிச்சம், கிலோ கணக்கில் வாங்கியது. வாங்கும்போதே ஒரு சொட்டுத் தண்ணீர் விட்டுப் பாருங்கள். முத்தாக உருண்டு நின்றால் கோட்டிங் போட்ட துணி, சாயம் உள்ளே போகாது. ஆயத்த அவுட்டோர் உறைகளில் வரும் அக்ரிலிக்கும் நம் வாளிக்கு மசியாது. அதற்கு நூலாகும் முன்பே நிறம் சேர்த்துவிடுகிறார்கள்.

இரண்டு உறைகளுக்குக் கொதிநீர் அலசல் இன்னும் பாக்கி. அதற்குள் மனம், கடுக்காயும் இரும்புக் கரைசலும் சேர்ந்து தரும் கடுக்காய்க் கறுப்புக்குத் தாவிவிட்டது. கலம்காரிக்காரர்கள் செய்வதுபோலத் துருப்பிடித்த ஆணியும் வெல்லமும் ஊறப் போட்டாயிற்று. நாற்றம் தாங்காமல் பானையை மாடிக்கு ஏற்றியிருக்கிறேன்.