ஓடுகிறவனின் நிலம்: ஜான் பக்கன் படித்த நாட்கள்

ஜூன் 3

'தி தர்ட்டி-நைன் ஸ்டெப்ஸ்' எடுத்தேன். முதல் உலகப்போர் தொடங்கிய 1914இன் கடைசி மாதங்களில், குடல்புண்ணோடு கென்ட் கடற்கரையில் படுத்துக் கிடந்தபோது ஸ்காட்லாந்து எழுத்தாளர் ஜான் பக்கன் எழுதிய நாவல். அடுத்த ஆண்டு அக்டோபரில் புத்தகமானது. படுக்கையில் கிடந்தவர் எழுதிய கதையில் ஒருத்தன் ஓடுகிறான், ஓடுகிறான், நிற்கவே மாட்டேன் என்கிறான்.

ரிச்சர்ட் ஹன்னே, வயது 37, ஆப்பிரிக்காவின் ரொடீஷியாவில் (இன்றைய ஜிம்பாப்வே) சுரங்கப் பொறியாளராக இருந்து பணம் சேர்த்தவன். லண்டனில் சலித்துப்போய் உட்கார்ந்திருக்கிறான். ஜெர்மன் உளவாளிகளின் சதியைக் கண்டுபிடித்து, அவன் வீட்டில் அடைக்கலம் கேட்டு வந்த ஸ்கடர் குத்திக் கொல்லப்படுகிறான். கொன்றவர்களும் தேடுகிறார்கள், போலீசும் தேடுகிறது. பால்காரன் உடையில் நழுவி, ஸ்காட்லாந்தின் காலோவேக்கு ரயில் ஏறுகிறான்.

ஜூன் 5

காலோவே பகுதியை இன்று மறுபடியும் வாசித்தேன். மரமில்லாத மேட்டுநிலம், மைல் கணக்கில் ஹெதர் புதர், மேலே வானம். ஒளிந்துகொள்ள இதைவிட நல்ல இடம் உண்டா என்றுதான் ஹன்னேயும் நினைக்கிறான். அப்புறம் தெற்கிலிருந்து ஒரு விமானம் வருகிறது. அவ்வளவுதான், அந்தத் திறந்தவெளியே சிறையாகிவிடுகிறது. விமானம் புதிதாக இருந்த காலத்தில், மேலிருந்து பார்க்கும் கண் தரையில் இருப்பவனை என்ன செய்யும் என்று பக்கனுக்குத் தெரிந்திருக்கிறது. பிள்ளைப்பருவக் கோடைகளை ஸ்காட்லாந்தின் எல்லைக் குன்றுகளில் கழித்தவர். எந்த ஓடை எங்கே திரும்பும், எந்த மடிப்பில் ஆள் மறையலாம் என்பதெல்லாம் கால்நடையாகத் தெரிந்தவரின் எழுத்து இது.

ஜூன் 6

சாலை வேலைக்காரன் அத்தியாயம். மகள் கல்யாணத்தில் குடித்துத் தலைவலியோடு இருக்கும் டர்ன்புல்லை வீட்டுக்கு அனுப்பிவிட்டு, ஹன்னே அவன் இடத்தில் கல் உடைக்கிறான். வேஷம் போட்டால் போதாது, மனதுக்குள்ளும் அந்த ஆளாகவே இருக்க வேண்டும் என்பது அவனுடைய பழைய நண்பன் பீட்டர் பீனார் சொல்லிக்கொடுத்த பாடம். ஆகவே சாலையைத் தவிர வேறு எதையும் நினைக்காமல் வேலை பார்க்கிறான். அவனைத் தேடிக் காரில் வந்த எதிரிகளில் ஒருவன் பூட்ஸைக் கவனித்துவிடுகிறான்: நாட்டுப்புறச் செருப்புத் தொழிலாளி செய்தது இல்லையே! போன வருஷம் வேட்டைக்கு வந்த கனவான் கொடுத்தது என்று அசராமல் பதில் சொல்கிறான் ஹன்னே. துப்பாக்கி வெடிக்கும் எந்தப் பக்கத்தையும்விட இந்தப் பக்கத்தில்தான் எனக்கு மூச்சு நின்றது.

கடைசியில் இதே பாடம் எதிரிகளிடமிருந்து திரும்பி வருகிறது. கடலோர வீட்டில் சீட்டாடும் மூன்று பேரும் அசல் ஆங்கிலேயர்களாகவே தெரிகிறார்கள். ஹன்னேயே சந்தேகத்தை விட்டுவிடும் நேரத்தில், ஒருவனின் விரல்கள் முழங்காலில் தாளம் போடுகின்றன. அந்த ஒரு பழக்கம் காட்டிக்கொடுத்துவிடுகிறது. இந்த நாவலை வைத்து ஹிட்ச்காக் எடுத்த 1935 படத்தில் இந்தக் காட்சி கிடையாது. படம் வேறு வகையில் அருமை, ஆனால் இது இல்லாதது எனக்குக் குறைதான்.

ஜூன் 11

'பிரெஸ்டர் ஜான்', 1910. படிக்கக் கஷ்டமாக இருந்தது. பக்கன் 1901 முதல் 1903 வரை தென்னாப்பிரிக்காவில் பிரிட்டிஷ் உயர் ஆணையர் மில்னரின் செயலாளர்களில் ஒருவர். டச்சு வழிக் குடியேறிகளோடு பிரிட்டன் நடத்திய போயர் போருக்குப் பிறகு குடியேற்ற வேலைகளைப் பார்த்தவர். மலைச்சரிவும் குகையும் அதே கூர்மையோடு வருகின்றன. ஆனால் அந்த மண்ணின் மக்கள்? கிளர்ச்சித் தலைவன் லபுட்டாதான் புத்தகத்திலேயே பெரிய மனிதன். கதை சொல்லும் இளைஞன் டேவிட் அவனை மலைப்போடு பார்க்கிறான். இருந்தும் ஆளும் பொறுப்பு வெள்ளையனுக்கே என்று கடைசியில் புத்தகம் தீர்ப்பு எழுதிவிடுகிறது. காலம் அப்படி என்று சொல்லித் தள்ள எனக்கு மனமில்லை. ஒரு பாறையைக்கூட விடாமல் பார்த்தவர், அங்கே வாழ்கிறவனுக்கு அந்த மண் யாருடையது என்று கேட்கவில்லை.

ஜூன் 14

'கிரீன்மேன்டில்', ஹன்னேயின் அடுத்த கதை, வேகமாக முடித்தேன். 1916 பிப்ரவரியில் ரஷ்யர்கள் துருக்கியின் எர்சுரூம் நகரைப் பிடித்தார்கள். அதே ஆண்டிலேயே அது நாவலின் உச்சக்காட்சியாக வந்துவிட்டது. ஜெர்மனியில் நடக்கும் பகுதிகள் நன்றாக இருக்கின்றன, நடுவில் தொய்வு.

ஜூன் 20

'சிக் ஹார்ட் ரிவர்'. கனடாவின் கவர்னர் ஜெனரலாக இருந்தபடி எழுதி, 1940 பிப்ரவரியில் இறப்பதற்குச் சற்று முன் முடித்தது. வெளிவந்தது 1941இல். காசநோயால் சாகப்போகும் வக்கீல் லீத்தன், காணாமல்போன ஒரு வங்கியாளரைத் தேடி வட கனடாவுக்குப் போகிறார். துரத்தல் பாதியிலேயே முடிந்துவிடுகிறது. பனியில் பசியாலும் நோயாலும் மனம் உடைந்து கிடக்கும் ஹேர் பழங்குடிகளுக்கு இறைச்சி தேட, மிச்சமிருக்கும் உயிரைச் செலவழிக்கிறார். இங்கேயும் காப்பாற்ற வருகிறவர் வெள்ளைக்காரர்தான், அதை மறுக்க முடியாது. ஆனால் 'பிரெஸ்டர் ஜான்' எழுதியவர் இங்கே அம்மக்களின் பட்டினியைத் தன் கதைநாயகனின் உயிரைவிடப் பெரிதாக வைக்கிறார். முப்பது வருஷத்தில் அவர் நடந்த தூரம் அது. பக்கனை ஹன்னேயோடு நிறுத்திவிடுகிறவர்கள் இதையும் கட்டாயம் படிக்க வேண்டும்.